முதுகெலும்பைத் தாண்டிய நோய்

9

"ஒரு கையெழுத்துக்கு இவ்வளவு யோசனையா சார்? உங்களைக் கூப்பிட்டதே அதுக்குத்தானே?" என்றார் அகராதியின் துணையாசிரியர்.

கிளம்பிவிட்ட பஸ்ஸுக்குப் பின்னால் ஓடுகிறவரின் அவசரம் அந்தக் குரலில் இருந்தது. மேசைக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த துப்பறிவாளர் அதைக் காதில் வாங்கியதாகவே காட்டிக்கொள்ளவில்லை. எடுத்த வேலையில் இம்மியும் விட்டுக்கொடுக்கமாட்டார் என்பதால் தெரிந்தவர்கள் அவருக்குக் கறார் என்று பெயர் வைத்திருந்தார்கள். பக்கத்தில் நோட்டோடு உட்கார்ந்திருந்த உதவியாளர் அவருடைய மனைவியின் தங்கை. தூங்கும்போது மட்டும்தான் வாய் மூடியிருக்கும் என்பதால் அவள் ரேடியோ. இவளை வேலைக்குச் சேர்த்தது தன் வாழ்க்கையின் பெரிய தப்பு என்று அவர் சொல்வார். இந்த மனிதருக்கு அக்காவைக் கட்டிக்கொடுத்தது அதைவிடப் பெரிய தப்பு என்று இவள் சொல்வாள். இரண்டு பேர் சொல்வதிலும் கொஞ்சம் நியாயம் இருந்தது.

மேல்தளத்திலிருந்து டக், டக், டக் என்று சத்தம் வந்தது. யாரோ தரையில் கட்டையால் தட்டினார்கள்.

"தண்ணி கேக்கறாங்க போலிருக்கு" என்றாள் ரேடியோ.

"அது நோய் பண்ற வேலைங்க. நாள் பூரா தட்டுவாங்க. கண்டுக்காதீங்க."

உள்ளே நுழையும்போதே அந்த ஆளை ரேடியோவுக்குப் பாதி பிடிக்கவில்லை. இப்போது மீதியும் பிடிக்காமல் போயிற்று. இடுப்பு பெல்ட்டில் ஒற்றைச் சாவியைத் தொங்கவிட்டுக்கொண்டு, நாலு வார்த்தைக்கு ஒருமுறை அது இருக்கிறதா என்று தடவிப் பார்க்கிறவரை எப்படிப் பிடிக்கும்?

அந்தச் சாவி மேலே இருக்கிற அறையுடையது. அறைக்குள் இருப்பவர் துணையாசிரியரின் கூடப்பிறந்த அக்கா. மருத்துவக் கலைச்சொல் அகராதி ஒன்றை முப்பது வருஷமாகத் தொகுத்து வருகிறவர். அந்தக் கட்டடத்தில் இருக்கிற எல்லோருக்கும் அவர் அகராதி அக்கா. கீழே இவர்கள் உட்கார்ந்திருந்த அறைதான் அகராதி அலுவலகம். தரையிலிருந்து கூரை வரைக்கும் மர இழுப்பறைகள், அவை நிறைய உள்ளங்கை அளவுக் கார்டுகள். ஒரு கார்டுக்கு ஒரு சொல். இரண்டாம் பதிப்பு அச்சுக்குப் போகத் தயாராக இருக்கும்போது அக்காவுக்குத் தோலில் ஏதோ வந்துவிட்டது. பன்னிரண்டு நாளாக அறைக்குள் வைத்துப் பூட்டியிருக்கிறார் தம்பி.

நாலு மணிக்குப் பதிப்பாளர் வருகிறார். அதே நாலு மணிக்கு மனநலக் காப்பகத்திலிருந்து வேனும் வருகிறது. அக்கா வேனில் ஏறினால், அகராதியின் முதல் பக்கத்தில் தம்பியின் பெயர் மட்டும் ஏறும். ஆனால் தம்பி சொன்னதை மட்டும் நம்பிப் பெயரை மாற்ற முடியாது, மூன்றாம் மனிதர் யாராவது விசாரித்து எழுதித் தரட்டும் என்று பதிப்பாளர் சொல்லிவிட்டார். அதனால்தான் கறார். அவர் கையெழுத்துப் போட்டால் யாரும் மறுபேச்சுப் பேசமாட்டார்கள்.

"டாக்டர் சர்டிபிகேட்டை இன்னொரு தரம் படி" என்றார் கறார்.

ரேடியோ படித்தாள். "நோயாளிக்கு முதலில் அக்கி கண்டது. அது இப்போது நரம்பேறியாக மாறியுள்ளது. இடப்புறம் தொடங்கிய தடிப்பு நரம்பு வழியே முதுகெலும்பைக் கடந்து வலப்புறம் பரவி, தலைக்கு ஏறி, புத்தித் தெளிவைக் குலைத்துவிட்டது. பிறருக்குத் தொற்றும். தனிமையில் வைக்க வேண்டும்." நிமிர்ந்தாள். "நம்ம ஆபீஸ் மாடி ஏறவே அத்தானுக்கு நாலு இடத்துல நிக்கணும். இந்த நோய் பாருங்க, நிக்காம தலை வரைக்கும் போயிடுச்சு."

துணையாசிரியர் சிரிக்கவில்லை. "டாக்டர் கையெழுத்து இருக்கு. சீல் இருக்கு. இதுக்கு மேல என்ன வேணும்?"

"நரம்பேறின்னு ஒரு வியாதியை நான் கேள்விப்பட்டதே இல்லையே" என்றார் கறார்.

"நீங்க கேள்விப்படாதது இந்த ரூம்லயே ஆயிரக்கணக்குல இருக்கு சார்." எழுந்து போய் ஒரு இழுப்பறையைத் திறந்து, விரலால் தள்ளித் தள்ளி ஒரு கார்டை எடுத்து மேசையில் போட்டார். "பாருங்க. அக்கா கையாலேயே எழுதினது. நோய் வர்றதுக்கு ரெண்டு வருஷம் முன்னாடி."

முத்து முத்தான எழுத்து. நரம்பேறி என்று தலைப்பு. சர்டிபிகேட்டில் இருந்தது கிட்டத்தட்ட வார்த்தைக்கு வார்த்தை அதில் இருந்தது. கீழே 'மூலம்' என்று அச்சிட்ட கோட்டுக்கு எதிரே மட்டும் ஒன்றும் எழுதப்படவில்லை.

"மூலம்னா?"

"எந்தப் புஸ்தகத்துலேர்ந்து, எந்தப் பக்கத்துலேர்ந்து எடுத்ததுங்கிற கணக்கு. அது இல்லாம கார்டு கொடுத்தா மூஞ்சியிலேயே வீசுவாங்க. எத்தனை தரம் வீசியிருக்காங்க!" சொல்லும்போது துணையாசிரியரின் கை தானாகக் கன்னத்துக்குப் போனது. "போன பதிப்பை எவனோ அப்படியே திருடி, அட்டையை மாத்தி வித்துட்டான். கேஸ் போட்டோம். நிக்கலை. அன்னிலேர்ந்து யார் மேலேயும் நம்பிக்கை இல்லை அவங்களுக்கு. அப்பவே தலைக்கு ஏற ஆரம்பிச்சிருக்கும்னு நினைக்கறேன்."

கறார் கார்டைத் திருப்பிப் பார்த்தார். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். பிறகு பெருமூச்சு விட்டுக்கொண்டு பேனா மூடியைத் திருகினார். டாக்டர் சொல்கிறார், அகராதியும் சொல்கிறது. இரண்டையும் மறுக்க அவர் யார்?

மேலே மறுபடி டக், டக், டக்.

ரேடியோவின் கை அவளை அறியாமலே தன் இடது விலாவுக்குப் போயிற்று. போனதும் அவள் எழுந்துவிட்டாள்.

"அத்தான், ஒரு நிமிஷம் வெளியில வாங்க."

"மணி மூணு பத்து" என்றார் துணையாசிரியர்.

"எனக்கும் வாட்ச் இருக்கு" என்றாள் ரேடியோ.

வாசல் படியில் நின்று கறாரிடம் பொரிந்து தள்ளினாள். "ரெண்டு வருஷம் முன்னாடி எனக்கு அக்கி வந்துச்சே, ஞாபகம் இருக்கா? சட்டை பட்டாலே உயிர் போச்சு. நீங்ககூட லீவ் கேட்டதுக்கு நடிக்கிறேன்னீங்க."

"அதை இப்ப எதுக்கு?"

"நடிக்கலைன்னு சொல்றதுக்கு. அது முதுகுல நடு எலும்புகிட்ட ஆரம்பிச்சுது. இடது விலாவைச் சுத்தி வந்து, தொப்புளுக்கு நேரா ஸ்கேல் வெச்சு நிறுத்தின மாதிரி நின்னுச்சு. ஒரு கொப்புளம்கூட வலது பக்கம் போகலை. தழும்பு இன்னும் இருக்கு. அக்கிக்கு அவ்வளவு ஒழுக்கம் இருக்கும்போது, அதுலேர்ந்து வந்ததா சொல்ற நோய்க்கு மட்டும் எப்படி இந்தத் துணிச்சல்?"

கறார் பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகினார்.

"டாக்டர் க்ளினிக் எங்கே?"

"சீல்ல அட்ரஸ் இருக்கு. இங்கேர்ந்து மூணாவது கட்டடம்."

க்ளினிக்கில் ஏழெட்டுப் பேர் காத்திருந்தார்கள். டாக்டர் தலையை உயர்த்தாமலே கேட்டார். "போலீஸா?"

"இல்லை" என்றார் கறார்.

"அப்ப வெளியில போங்க. நோயாளிகளைப் பத்தி வெளியாள்கிட்ட பேசறதில்லை."

கறார் வாயைத் திறப்பதற்குள் ரேடியோ ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டாள். "நான் நோயாளிதான் டாக்டர். எனக்கு அக்கி வந்து போச்சு. இடது பக்கம் மட்டும்தான் வந்துச்சு. வலது பக்கத்துக்கும் வந்து சேருமான்னு ராத்திரி பகலா பயம்."

அறியாமையைத் திருத்துகிற சந்தர்ப்பம் கிடைத்தால் எந்த டாக்டரும் விடுவதில்லை. இவரும் எழுந்து, சுவரில் தொங்கிய படத்தருகே போனார். மனித உடம்பின் மேல் பட்டை பட்டையாக வண்ணம் தீட்டிய படம்.

"இதைப் பாரும்மா. முதுகெலும்பிலேர்ந்து ஜோடி ஜோடியா நரம்பு கிளம்புது. இடதுக்கு ஒண்ணு, வலதுக்கு ஒண்ணு. ஒவ்வொரு நரம்புக்கும் தோல்ல ஒரு பட்டை சொந்தம். அக்கிக் கிருமி ஒரு நரம்போட வேர்ல போய் ஒளிஞ்சுக்கும். கிளம்புறப்ப அந்த நரம்பு வழியே வந்து, அந்தப் பட்டையிலதான் கொப்புளமா வெளிய தெரியும். இடது நரம்போட எல்லை நடுக்கோடு. வழக்கமா அதைத் தாண்டாது. பயப்படாதே."

"நரம்பு வழியா போற எந்தத் தோல் நோயும் அப்படித்தானா?"

"நரம்பே தாண்டலைன்னா, அதுல போற நோய் எப்படித் தாண்டும்? ரயில் தண்டவாளம் இல்லாத ஊருக்கா போகும்?"

கறார் சர்டிபிகேட்டை மேசைமேல் வைத்தார். "அப்ப இதுல எப்படிப் போச்சு டாக்டர்?"

டாக்டர் படித்தார். இரண்டாவது வரிக்கு வந்ததும் கண்ணாடியைக் கழற்றினார். காத்திருந்தவர்கள் காதைத் தீட்டிக்கொண்டார்கள். அவர் எழுந்து கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

"நான் இங்கிலீஷ்ல எழுதிக் கொடுத்தேன்" என்றார். நோயாளிகள் பதிவேட்டைப் புரட்டி அவரே காட்டினார். அக்கி, இடது விலா. பத்து நாள் ஓய்வு. கொப்புளம் காயும் வரை துணியால் மூடிவைக்கவும். அவ்வளவுதான். பூட்டி வைக்கச் சொல்லி எங்கேயும் இல்லை. "பதிப்பாளருக்குத் தமிழ்ல வேணும்னு அவரே எழுதிக்கிட்டு வந்தாரு. இது என்ன பேரு, நான் படிச்சதே இல்லையேன்னு கேட்டேன். கார்டைக் காமிச்சாரு. அந்தம்மா கையெழுத்து. முப்பது வருஷமா இதே வேலையா இருக்கறவங்க, தப்பா எழுதமாட்டாங்கன்னு…"

"கண்ணால பார்த்த நோயை விட்டுட்டு, கார்டுல இருந்த நோய்க்கு சீல் குத்திட்டீங்க" என்றாள் ரேடியோ.

"வெளியில போங்க."

"போறோம். அந்தம்மா பன்னிரண்டு நாளா வெளியில வரலை. அதுக்கு ஏதாவது எழுதிக் கொடுத்துட்டுச் சொல்லுங்க."

டாக்டர் எழுதினார். இரண்டு தாளை எழுதிக் கிழித்துப் போட்டார். மூன்றாவதில், தான் கண்டது அக்கி மட்டுமே, நரம்பேறி என்ற நோயைத் தான் பார்த்ததில்லை, அப்படி ஒரு நோய் இருக்க வழியுமில்லை என்று எழுதிக் கையெழுத்திட்டார். சீலை அவரே அழுத்திக் குத்தினார்.

திரும்பி வந்தபோது வாசலில் வேன் நின்றிருந்தது. வெள்ளைச் சட்டை போட்ட இரண்டு பேர் ஸ்ட்ரெச்சரை இறக்கிக்கொண்டிருந்தார்கள். உள்ளே பதிப்பாளர் வந்துவிட்டார். கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, யாரையும் நம்புவதா வேண்டாமா என்ற முகத்தோடு உட்கார்ந்திருந்த அம்மாள்.

கறார் டாக்டரின் தாளைப் பதிப்பாளரிடம் கொடுத்தார். "அப்படி ஒரு நோயே இல்லைம்மா. இவர் சர்டிபிகேட்ல சொந்தமா சேர்த்தது."

மாட்டிக்கொண்டான் என்று ரேடியோ நினைத்தாள். ஆனால் துணையாசிரியர் அசரவில்லை. தாளை வாங்கிப் படித்து, மெதுவாக மடித்து, மேசைமேல் வைத்தார்.

"ரொம்ப நல்லது சார். அப்படி ஒரு நோயே இல்லை. ஒத்துக்கறேன். நான் டாக்டர் இல்லை. அக்கா கார்டை நம்பி எழுதினேன். அது என் தப்புதான்." நரம்பேறிக் கார்டை எடுத்துப் பதிப்பாளர் முன்னால் நீட்டினார். "ஆனா இல்லாத நோயை இருக்குன்னு எழுதி, டாக்டருங்க படிக்கிற அகராதியில செருகி வெச்சது யாரு? அவங்க புத்தி சரியில்லைன்னு சொல்ல இதைவிட என்ன சாட்சி வேணும்? இவங்களையா ஆசிரியர்னு முதல் பக்கத்துல போடப் போறீங்க?"

பதிப்பாளர் கார்டைப் பார்த்தார். "அவர் சொல்றதும் நியாயமாத்தானே இருக்கு" என்றார் தயக்கத்தோடு. வெள்ளைச் சட்டைக்காரர்கள் வாசலில் வந்து நின்று, எந்த ரூம் என்று கேட்டார்கள். துணையாசிரியரின் கை சாவிக்குப் போனது.

ரேடியோ நோட்டைப் பட்டென்று மூடினாள். அவள் கண்டுபிடித்துக் கொண்டுவந்த உண்மையையே எடுத்து அந்த அம்மாவை அடிக்கிறானே பாவி!

"ஒரு நிமிஷம்" என்றார் கறார். இழுப்பறைகளிடம் போனார். ஒன்றைத் திறந்து நடுவிலிருந்து ஒரு கார்டை உருவினார். இன்னொன்றிலிருந்து ஒன்று. இன்னொன்றிலிருந்து மூன்று. மொத்தம் பத்துக் கார்டை மேசையில் வரிசையாகப் போட்டார். "மூலம் எல்லாத்துலயும் இருக்கு. புஸ்தகம், பக்கம், பத்தி. மூலம் இல்லாத கார்டை மூஞ்சியில வீசுவாங்கன்னு சொன்னது நீங்கதானே?"

"ஆமா."

"அவங்க மூஞ்சியில அவங்களே வீசிக்காம, இந்த ஒண்ணை மட்டும் இழுப்பறையில ஏன் வெச்சாங்க?"

"அதான் புத்தி…"

"புத்தி கெட்டவங்க பத்துல அஞ்சை மறப்பாங்க. ஆயிரக்கணக்குல ஒண்ணே ஒண்ணை மட்டும் மறக்கமாட்டாங்க. மூலம் எழுதலைன்னா, மூலம் இல்லைன்னு அர்த்தம். அது அவங்களுக்கே தெரியும்னு அர்த்தம்." கறார் பதிப்பாளர் பக்கம் திரும்பினார். "இந்தப் பதிப்புக்காக உங்ககிட்ட அவங்க ஏதாவது கொடுத்து வெச்சிருக்காங்களாம்மா?"

பதிப்பாளர் கைப்பையைத் திறந்தார். அரக்கு வைத்த உறை ஒன்று வெளியே வந்தது. "போன மாசம் கொடுத்தாங்க. அச்சுக்குப் போற அன்னிக்குப் பிரிங்க, அதுவரைக்கும் என் தம்பிக்குக்கூடத் தெரிய வேண்டாம்னாங்க."

"அந்த நாள்தானே இன்னிக்கு?"

அரக்கு உடைந்தது. உள்ளே இரண்டு தாள். முதல் தாளைப் பதிப்பாளர் சத்தமாகப் படித்தார்.

"நரம்பேறி என்ற சொல் பொய். நானே இட்டுக்கட்டியது. போன பதிப்பைத் திருடியவன் மேல் போட்ட வழக்கு, சொற்கள் யாருக்கும் சொந்தமில்லை என்று சொல்லித் தள்ளுபடியானது. இந்தச் சொல் எனக்கு மட்டுமே சொந்தம். இது எங்கே தலைகாட்டுகிறதோ, அங்கே திருடன் இருக்கிறான். எந்த டாக்டரும் இதை நம்பி மருந்து எழுதிவிடக் கூடாது என்பதற்காகவே நோயை முதுகெலும்பைத் தாண்ட வைத்திருக்கிறேன். நரம்பு தெரிந்தவர் சிரித்துவிட்டு ஒதுக்குவார். தெரியாதவன்தான் எடுத்துப் பயன்படுத்துவான்."

துணையாசிரியர் நாற்காலியைத் தேடி உட்கார்ந்தார்.

ரேடியோ கையை நீட்டினாள். "சாவி."

கொடுக்கவில்லை. அவளே குனிந்து பெல்ட்டிலிருந்து கழற்றிக்கொண்டு இரண்டிரண்டு படியாக ஏறினாள்.

அகராதி அக்கா கட்டிலை ஒட்டித் தரையில் உட்கார்ந்திருந்தார். இடது விலாவில் படாமல் சட்டையை ஒரு கையால் தூக்கிப் பிடித்திருந்தார். மறு கையில் மர ஸ்கேல். தண்ணீர்க் கூஜா காலியாகக் கவிழ்ந்து கிடந்தது. ரேடியோ அந்தக் கையைப் பார்த்தாள். அப்படித்தான் அவளும் பதினைந்து நாள் சட்டையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். ஒரே மூச்சில் குடித்துவிட்டு அகராதி அக்கா கேட்டார்.

"நீ யாரும்மா?"

"துப்பறிய வந்தவங்க. உங்க நரம்பேறியில ஒரு ஆள் மாட்டியிருக்கு."

சோர்ந்திருந்த முகத்தில் ஒரு நொடி அப்படி ஒரு வெளிச்சம் வந்தது. "மாட்டிட்டானா? யாரு? எந்தப் பதிப்பகம்?"

ரேடியோ கீழே கையைக் காட்டினாள். வெளிச்சம் போய்விட்டது. அகராதி அக்கா ஸ்கேலை ஊன்றி எழுந்தார். ஒவ்வொரு படியாக இறங்கினார். பிடிக்க வந்த ரேடியோவின் கையைத் தள்ளிவிட்டார்.

அவரைப் பார்த்ததும் தம்பி கத்தினார். "என்ன பார்க்கறே? பதினோரு வருஷம்! ஒவ்வொரு கார்டையும் பார்த்து டைப் அடிச்சது நான். புரூஃப் பார்த்தது நான். கண்ணு போச்சு. ஒரு பக்கத்துல, ஒரு மூலையில, என் பேரைப் போட்டியா நீ?"

அகராதி அக்கா பதிப்பாளரைப் பார்த்தார். "ரெண்டாவது தாளைப் படிச்சீங்களா?"

"இன்னும் இல்லை."

"அவன்கிட்ட கொடுங்க."

அது அகராதியின் முதல் பக்கம். அக்காவே கையால் எழுதியது. மேலே அகராதியின் பெயர். அதற்குக் கீழே, ஒரே அளவு எழுத்தில், இரண்டு பெயர். தொகுத்தவர் என்று அக்கா பெயர். உடன் தொகுத்தவர் என்று தம்பி பெயர். கீழே போன மாசத்துத் தேதி.

தம்பி அதைப் பிடித்த கையைக் கீழே இறக்கவில்லை. முகத்தை மறைக்க அது ஒன்றுதான் அவருக்கு இருந்தது.

"அக்கா…"

"தண்ணி கேட்டுத் தட்டினேன். உனக்குக் கேட்டுச்சா, இல்லையா?"

அகராதி அக்கா மேசையிலிருந்த டப்பாவில் துழாவிச் சிவப்புப் பென்சிலை எடுத்துத் தம்பி முன்னால் வைத்தார்.

"புரூஃப் திருத்தறது உன் வேலைதானே? திருத்து."

"அக்கா, வேண்டாம்…"

"திருத்துடா."

பதினோரு வருஷப் பழக்கம். கை தானாகப் பென்சிலை எடுத்தது. தன் பெயர் மேல் ஒரே கோடாக, பிசிறில்லாமல் இழுத்தார். ஓரத்தில், அடித்ததை நீக்கச் சொல்கிற குறியைப் போட்டார். போட்டுவிட்டு அந்தக் குறியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

கறார் அறிக்கைத் தாளை இழுத்துக்கொண்டார். நோய் உண்மையா என்ற கேள்விக்கு எதிரே இல்லை என்று எழுதி, துணையாசிரியர் மத்தியானத்திலிருந்து கேட்டுக்கொண்டிருந்த கையெழுத்தைப் போட்டார்.

வெள்ளைச் சட்டைக்காரர் ஒருவர் தலையைச் சொறிந்தார். "அப்ப நாங்க யாரை ஏத்தறது?"

"வெறும் வண்டியா போகாதீங்க. நடந்துபோக முடியாத ஒருத்தர் அந்த நாற்காலியில இருக்கார்" என்றாள் ரேடியோ.

அகராதி அக்கா சிரிக்கவில்லை. தம்பி கையிலிருந்த தாளை வாங்கி, சிவப்புக் கோட்டை ஒருமுறை சரிபார்த்துவிட்டுப் பதிப்பாளரிடம் நீட்டினார்.

"இப்ப அச்சுக்கு அனுப்பலாம்" என்றார்.